டாக்டர் வீட்டுப் பெட்டிகள் மண்டபத்துக்கு வந்தால்

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் மருத்துவக் கல்லூரி 1951இல் தொடங்கியது. அதில் படித்தவர்களும், இங்கே இடம் கிடைக்காமல் இந்தியாவுக்கும் அயர்லாந்துக்கும் போய்ப் படித்துத் திரும்பியவர்களுமாக ஒரு பெரிய தலைமுறை இருந்தது. ஓவர்போர்ட்டிலும் சாட்ஸ்வர்த்திலும் மெரிபேங்கிலும் அறை எடுத்து ஊருக்கே வைத்தியம் பார்த்தவர்கள். அந்தத் தலைமுறை இப்போது குறைந்துகொண்டே வருகிறது. வீட்டை விற்கும்போது நாற்காலி, மேசை, பாத்திரம் எல்லாவற்றையும் பிள்ளைகள் ஆளுக்குக் கொஞ்சம் எடுத்துக்கொள்கிறார்கள். புத்தகத்தைக் கேட்க ஆளில்லை. அப்பா ஆசையாகச் சேர்த்தது, குப்பையில் போட மனசு வரவில்லை என்று பக்கியில், அதாவது பின்பக்கம் திறந்த சின்ன வண்டியில், ஏற்றிக் கோயில் மண்டபத்தில் இறக்கிவிட்டுப் போய்விடுகிறார்கள்.

பெட்டியைப் பிரித்தால் பெரும்பாலும் மூன்று வகைதான் இருக்கும். தொழிலுக்காக வாங்கிய தடித்த மருத்துவ நூல்கள், அதிலும் வயிறு, குடல், கல்லீரல், உடல் பருமன் பற்றியவை நிறைய. ஊர் சுற்றும்போது ஆசைப்பட்டு வாங்கிய கலை வரலாற்று நூல்கள். இரவில் படிக்க வைத்திருந்த இடைக்கால வரலாறு, சோழர் காலம், ஐரோப்பிய மடங்கள், சிலுவைப் போர் என்று ஒரு வரிசை. மண்டப நூலகப் பொறுப்பு இப்போதுதான் உங்கள் தலையில் விழுந்திருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். எங்கிருந்து தொடங்குவது?

முதலில் ஒன்றை மனத்தில் வையுங்கள். இந்த மூன்றையும் ஒரே கண்ணால் பார்க்கக் கூடாது. மருத்துவ நூலில் ஆண்டைப் பார்க்க வேண்டும். கலை நூலில் படங்களைப் பார்க்க வேண்டும். இடைக்கால நூலில் அடிக்குறிப்பைப் பார்க்க வேண்டும். புதிதாக வருபவர்கள் மூன்றிலும் அட்டையைத்தான் பார்க்கிறார்கள். அதனால்தான் 1978ஆம் ஆண்டின் குடல் மருத்துவ நூல் பளபளவென்று அலமாரியில் நிற்கிறது, முதுகு கிழிந்த கோயில் நூல் வாசல் படியில் கிடக்கிறது.

உள்ளே கொண்டுவருவதற்கு முன்

பெட்டியை மண்டபத்துக்குள் கொண்டுபோகாதீர்கள். வெளித் தாழ்வாரத்தில் வைத்துத் திறங்கள். டர்பன் ஈரக் காற்று புத்தகத்துக்கு ஆகாது. கராஜில் பல வருடம் கிடந்த பெட்டி என்றால் பூஞ்சை, கரையான், இங்கே ஃபிஷ்மாத் என்று சொல்கிற இராமபாணப் பூச்சி, மூன்றில் ஒன்றாவது கூட வரும். ஒரு பெட்டி போதும், பழைய அலமாரி முழுக்கப் பரவிவிடும்.

மூக்குதான் நல்ல கருவி. ஊசிப்போன வாடை அடித்தால் அந்தப் பெட்டியைத் தனியாக வையுங்கள். பூச்சி அரித்த தடம் இருந்து, புத்தகமும் வைத்துக்கொள்ளத் தகுந்தது என்றால், பிளாஸ்டிக் பையில் காற்றுப் புகாமல் கட்டி, வீட்டு ஃப்ரீசரில் இரண்டு வாரம் வைக்கலாம். எடுத்த பிறகு பையைப் பிரிக்காமல் ஒரு நாள் அப்படியே வெளியில் வையுங்கள். இல்லாவிட்டால் குளிர்ந்த தாளில் நீர் கோத்துக்கொள்ளும். பூஞ்சை பூத்த புத்தகத்தை முகக்கவசம் போட்டுக்கொண்டு வெளியில்தான் தட்ட வேண்டும். ஆஸ்துமா உள்ளவர்கள் இந்த வேலைக்கு வரவே வேண்டாம்.

2022 ஏப்ரல் வெள்ளத்தில் நனைந்து காய்ந்த புத்தகங்கள் இன்னும் வருகின்றன. சாதாரணத் தாள் நனைந்து காய்ந்தால் நெளியும், அவ்வளவுதான். படம் அச்சிட்ட வழவழப்புத் தாள் அப்படி இல்லை. நனைந்து காயும்போது பக்கங்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகிவிடும். காய்ந்த பிறகு பிரித்தால் படத்தின் மேற்பூச்சு உரிந்து வரும். அப்படி வந்த கலை நூலைக் காப்பாற்ற முடியாது. ஈரமாக இருக்கும்போதே கையில் கிடைத்தால் மட்டும், உடனே ஃப்ரீசரில் வைத்துவிட்டு விவரம் தெரிந்தவரைக் கேளுங்கள்.

உதறிப் பாருங்கள்

ஒவ்வொரு புத்தகத்தையும் தலைகீழாகப் பிடித்து மெதுவாக உதறுங்கள். டாக்டர்கள் கையில் கிடைத்ததைப் பக்க அடையாளமாக வைப்பவர்கள். மருந்துச் சீட்டு, இரத்தப் பரிசோதனை முடிவு, இன்னொரு டாக்டர் எழுதிய கடிதம், சில நேரம் எக்ஸ்ரே படத்தில் வெட்டிய துண்டு. பித்தப்பைக் கல் அத்தியாயத்தைத் திறந்தால் அடுத்த தெரு ஆன்ட்டியின் பெயர், வயது, கல்லீரல் எண்கள் எல்லாம் நீல மையில் இருக்கும். ஊரெல்லாம் உறவாக இருக்கிற இடத்தில் இது சின்ன விஷயம் இல்லை. தென்னாப்பிரிக்காவின் தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டம், நாம் போப்பியா என்று சொல்வது, உடல்நலத் தகவலுக்குக் கூடுதல் பாதுகாப்புத் தருகிறது. படிக்காமல் ஓர் உறையில் போட்டு டாக்டர் குடும்பத்திடம் திருப்பிக் கொடுங்கள், அல்லது அவர்கள் ஒப்புதலோடு துண்டு துண்டாகக் கிழித்துவிடுங்கள். உதறும் வேலையைச் சின்னப் பிள்ளைகளிடம் விடாதீர்கள்.

உதறும்போது வேறு சிலவும் விழும். கோயில் பொன்விழா மலர், தமிழ்ப் பள்ளிப் பரிசளிப்பு நிகழ்ச்சி நிரல், நாடகச் சீட்டு, நட்டால் இந்தியக் காங்கிரஸ் கூட்டத் துண்டறிக்கை. எட்டுப் பக்கம்கூட இருக்காது. ஆனால் அந்தப் பெட்டியிலேயே திரும்பக் கிடைக்காத பொருள் அதுவாகத்தான் இருக்கும். மருத்துவ நூல் உலகத்தில் ஆயிரம் இடத்தில் கிடைக்கும், 1950களின் டங்காட் தமிழ்ப் பள்ளி நிகழ்ச்சி நிரல் எங்கே கிடைக்கும்? அவற்றைத் தனிக் கோப்பில் தட்டையாக வைத்து, குவாசுலு-நட்டால் பல்கலைக்கழகத்தின் வெஸ்ட்வில் வளாகத்தில் இருக்கும் காந்தி-லுத்துலி ஆவண மையத்திடமோ, டர்பனில் 1860 பாரம்பரிய மையத்திடமோ கேளுங்கள். 1860இல் கரும்புத் தோட்ட வேலைக்கு இந்தியர்களை ஏற்றிய முதல் கப்பலான ட்ரூரோ வந்ததிலிருந்து நம் மக்கள் வரலாற்றைச் சேர்த்து வைக்கிற இடங்கள் இவை.

தலைப்புப் பக்கத்தின் பின்புறம்

இப்போது புத்தகத்தைத் திறங்கள். தலைப்புப் பக்கத்தைத் திருப்பினால் சின்ன எழுத்தில் பதிப்புரிமைப் பக்கம் வரும். எந்த ஆண்டு, எத்தனையாவது பதிப்பு, எத்தனையாவது அச்சு என்பதெல்லாம் அங்கேதான். பல நூல்களில் 10 9 8 7 6 5 4 3 என்று ஓர் எண் வரிசை இருக்கும். அதில் மிகச் சிறிய எண் எதுவோ, அத்தனையாவது அச்சு. இங்கே 3 என்றால் மூன்றாம் அச்சு. மறு அச்சு என்பது புதிய பதிப்பு அல்ல. 1985 பதிப்பை 1993இல் மறுபடி அச்சிட்டிருந்தால் உள்ளே இருப்பது 1985தான். மருத்துவ நூலில் இந்த வித்தியாசம் முக்கியம்.

பக்கம் கிழிந்து ஆண்டு தெரியாவிட்டால் ஐஎஸ்பிஎன் என்ற, நூலுக்குரிய சர்வதேச அடையாள எண்ணைப் பாருங்கள். 2007 முதல் அது பதின்மூன்று இலக்கம். பத்து இலக்கம் மட்டும் இருந்தால் அதற்கு முந்தியது என்று எடுத்துக்கொள்ளலாம். எண்ணே இல்லை என்றால் பெரும்பாலும் 1970க்கு முந்திய நூல்.

இந்தியாவில் படித்துத் திரும்பிய டாக்டர்களின் பெட்டியில் "இந்தியா, பாகிஸ்தான், இலங்கையில் மட்டும் விற்பனைக்கு" என்ற வாசகத்தோடு மலிவுப் பதிப்புகள் இருக்கும். படிக்க அதே நூல்தான், தாள் மட்டும் மட்டம். விற்கும்போது விலை போகாது. வேறு நூலக முத்திரை இருந்தால், கழிக்கப்பட்டது என்ற முத்திரையும் கூடவே இருக்கிறதா என்று பாருங்கள். இல்லாவிட்டால் அந்த நூலகத்துக்கு ஒரு போன் போட்டுவிடுங்கள். நாற்பது வருடம் கழித்துத் திரும்பி வந்த புத்தகத்துக்கு யாரும் அபராதம் கேட்கப் போவதில்லை.

மருத்துவம்: இங்கே கொஞ்சம் கண்டிப்பு வேண்டும்

மண்டபத்துக்கு வருகிறவர்கள் முதலில் கை வைப்பது இந்த அலமாரியில்தான். சர்க்கரை, எடை, வயிற்று எரிச்சல் இல்லாத வீடு நம்மில் ஏது? 2016ஆம் ஆண்டு தேசியச் சுகாதாரக் கணக்கெடுப்பில் தென்னாப்பிரிக்கப் பெண்களில் 68 சதவீதமும் ஆண்களில் 31 சதவீதமும் அதிக எடையோ பருமனோ உள்ளவர்கள் என்று தெரிய வந்தது. தேவை இருப்பதால்தான் பழைய நூல் ஆபத்தாகிறது. எழுபது வயதுத் தாத்தா ஒருவர் 1980ஆம் ஆண்டு நூலைப் பார்த்துத் தன் மாத்திரையை நிறுத்திவிட்டால் பொறுப்பு யாருடையது?

மருத்துவம் தெரியாதவர்களும் பழைய நூலை அடையாளம் காண ஒரு வழி உண்டு. கடைசிப் பக்கங்களில் இருக்கும் சொல்லடைவைத் திறந்து சில சொற்களைத் தேடுங்கள்.

வயிறு, குடல் நூலில் ஹெலிகோபாக்டர் பைலோரி இருக்கிறதா? வயிற்றுப்புண்ணுக்கு அமிலமும் மனக்கவலையும்தான் காரணம் என்று நெடுங்காலம் நம்பினார்கள். ஆஸ்திரேலியாவின் பாரி மார்ஷலும் ராபின் வாரனும் 1982இல் இந்தக் கிருமியை வளர்த்துக் காட்டினார்கள், 2005இல் நோபல் பரிசு கிடைத்தது. இடையில் மருத்துவமே தலைகீழாகிவிட்டது. நரம்பை வெட்டி, வயிற்றின் ஒரு பகுதியை எடுத்து ஆற்றிய புண்ணைக் கிருமிக்கொல்லி மாத்திரை சில நாளில் ஆற்றியது. இந்தப் பெயர் சொல்லடைவில் இல்லாத புண் மருத்துவ நூல் அலமாரியில் நிற்கக் கூடாது.

கல்லீரல் நூல் என்றால் ஹெபடைடிஸ் சி. அந்த வைரஸைக் கண்டுபிடித்தது 1989இல். அதற்கு முந்திய நூல்கள் "ஏ-யும் இல்லை, பி-யும் இல்லை" என்ற பெயரில்தான் அதைக் குறித்தன. கல்லீரலில் கொழுப்புப் படிவதற்கு 2023இல் பெயரையே மாற்றிவிட்டார்கள். ஆகவே மிக அண்மை நூலுக்கும் அதற்குச் சற்று முந்தியதற்கும் உள்ள வேறுபாட்டைக்கூடச் சொல்லடைவு காட்டிவிடும்.

பருமன் நூலில் தேட வேண்டிய சொல் லெப்டின். கொழுப்புத் திசுவிலிருந்து மூளைக்குச் சேதி சொல்லும் இந்த ஹார்மோனைக் கண்டுபிடித்தது 1994இல். அதற்கு முந்திய நூல்கள் பருமனைச் சாப்பாட்டுக் கணக்காகவும் மனக்கட்டுப்பாடு இல்லாத குறையாகவும் பேசுவதை அதிகம் காணலாம். இதற்கு அடுத்த படி, பசியைக் குறைக்கும் ஜிஎல்பி-1 வகை ஊசிகளுக்குத் தனி அத்தியாயம் இருக்கிறதா என்பது. அந்த வகையைச் சேர்ந்த செமாக்ளுடைடை எடை குறைக்கவென்றே அமெரிக்கா 2021இல் அனுமதித்தது. அதற்குப் பிறகு வந்த பருமன் மருத்துவ நூல் வேறு உலகம்.

இன்னும் கண்டிப்பாகப் பார்க்க வேண்டியது மருந்துப் பெயர்கள். எடை குறைக்கக் கொடுத்த ஃபென்ஃப்ளூரமின் இதய வால்வைக் கெடுக்கிறது என்று 1997இல் எடுக்கப்பட்டது. சிபூட்ரமின் மாரடைப்பு, பக்கவாத அபாயத்தால் 2010இல் அமெரிக்கச் சந்தையிலிருந்தும் ஐரோப்பியச் சந்தையிலிருந்தும் போனது. இவற்றைச் சிபாரிசு செய்யும் நூல் பொது அலமாரியில் ஒரு நாள்கூட இருக்க வேண்டாம். அறுவைச் சிகிச்சையும் அப்படியே. சிறுகுடலின் பெரும்பகுதியைச் சுற்றிக்கொண்டு போகும்படி இணைக்கும் பழைய முறை, கல்லீரல் கெட்டுப்போனதால் கைவிடப்பட்டது. அதைப் புதுமை என்று புகழும் நூல்கள் இன்னும் பெட்டியில் வருகின்றன.

ஒரு நல்ல பருமன் நூலை நமக்கு ஏற்றதா என்று பார்க்க எனக்குப் பிடித்த சோதனை வேறு. எடையை உயரத்தின் வர்க்கத்தால் வகுத்து வரும் பிஎம்ஐ 25க்கு மேல் அதிக எடை, 30க்கு மேல் பருமன் என்பது பொதுக் கணக்கு. ஆசிய மக்களுக்குக் குறைந்த எடையிலேயே சர்க்கரையும் இதயநோயும் வருவதால், 23, 27.5 என்ற எண்களையும் கவனிக்க வேண்டும் என்று உலகச் சுகாதார நிறுவனத்தின் நிபுணர் குழு 2004இல் சொன்னது. இடுப்பளவுக்கும் தெற்காசிய ஆண்களுக்கு 90 சென்டிமீட்டர், பெண்களுக்கு 80 என்று தனி வரம்பு உண்டு. இதைப் பற்றி ஒரு பத்தியாவது எழுதாத பருமன் நூல் டர்பன் பக்கத்தில் நம் மக்கள் நிறைந்த ஃபீனிக்ஸிலோ வெருலத்திலோ இருக்கும் நூலகத்துக்கு அரை நூல்தான்.

சரி, எதை வைப்பது? என் கணக்கு எளிது. பொதுமக்கள் கைக்கு எட்டும் மருத்துவ நூல் ஐந்தாறு வருடத்துக்குள் வந்ததாக இருக்கட்டும். முகப்பில் ஆண்டைப் பெரிதாக எழுதி ஒரு ஸ்டிக்கர் ஒட்டுங்கள். மருந்துக் கம்பெனி இலவசமாகக் கொடுத்த நூல் என்றால், பெரும்பாலும் உள்ளட்டையில் கம்பெனி பெயர் இருக்கும், அதையும் ஸ்டிக்கரில் குறியுங்கள். மீதி எல்லாம் கழிவுப் பெட்டிக்கு.

ஒரு விலக்கு உண்டு. பழசாகிப்போன மருத்துவ நூலே வரலாற்று நூலாகிவிடும் சந்தர்ப்பம் இது. 1966இல் பிரிட்டிஷ் கடற்படை மருத்துவர் டி. எல். க்ளீவும் டர்பன் மருத்துவர் ஜி. டி. கேம்ப்பெல்லும் சேர்ந்து எழுதிய நூல் ஒன்று வெளிவந்தது. நீரிழிவு, மாரடைப்பு முதல் குடல் நோய்வரை பலவற்றுக்கும் தீட்டிய மாவும் வெள்ளைச் சர்க்கரையும்தான் வேர் என்பது அதன் வாதம். அதில் நட்டால் இந்தியர்களின் நீரிழிவு முக்கியச் சான்றாக வருகிறது. கரும்புத் தோட்டத்துக்குக் கொண்டுவரப்பட்டவர்களின் பேரப்பிள்ளைகளைச் சர்க்கரை எப்படிப் பிடித்தது என்பதை இங்கிருந்தே பார்த்து எழுதினார்கள். அதன் எல்லா முடிவுகளும் நிற்கவில்லை. வயிற்றுப்புண்ணையும் அதே கூடையில் போட்டார்கள், பின்னால் அது கிருமி வேலை என்று தெரிந்தது. ஆனால் அந்தப் பெட்டியில் அது இருந்தால் விடாதீர்கள். மருத்துவ அலமாரியில் வைக்காமல் தென்னாப்பிரிக்க இந்தியர் வரலாற்று அலமாரியில் வையுங்கள். டாக்டரின் கையெழுத்துக் குறிப்புகள் ஓரத்தில் இருந்தால் இன்னும் நல்லது.

கலை வரலாறு: படங்களை எண்ணுங்கள்

மருத்துவ நூலில் இருந்த அவசரம் இங்கே இல்லை. ஐம்பது வருடத்துக்கு முந்திய கலை நூல் இன்றும் நின்று பேசும். ஆனால் முழுசாக இருக்க வேண்டும்.

முன்பக்கத்தில் படப் பட்டியல் இருக்கும். அதை வைத்துக்கொண்டு ஒவ்வொரு படத் தாளையும் சரிபாருங்கள். பழைய நூல்களில் வண்ணப் படத்தைத் தனியாக அச்சிட்டு, ஓர் ஓரத்தில் மட்டும் பசை தடவி ஒட்டியிருப்பார்கள். பசை காய்ந்து உதிர்ந்துவிடும். அதைவிடப் பெரிய காரணம் நம் வீட்டுப் பக்திதான். நடராஜர், சோமாஸ்கந்தர், மயில்மேல் முருகன் இருக்கும் பக்கங்களைக் கவனமாகப் பாருங்கள். பிளேடால் நேர்த்தியாக வெட்டிச் சட்டம் போட்டுச் சாமி அறையில் மாட்டியிருப்பார்கள். கும்பிட்ட படத்தைத் திருப்பிக் கேட்க முடியாது. "படம் 14 இல்லை" என்று பென்சிலால் உள்ளட்டையில் குறித்துவிட்டு அடுத்ததைப் பாருங்கள்.

கறுப்பு வெள்ளைப் படம் என்று பழைய நூலைத் தள்ளாதீர்கள். திருப்பணி நடப்பதற்கு முன் ஒரு கோயில் எப்படி இருந்தது, எந்தத் திருமேனி எந்தச் சன்னதியில் நின்றது என்பதற்கு அந்தப் படங்கள்தான் சாட்சி. ஸ்ரீபுரந்தான் நடராஜர் கதை பலருக்குத் தெரிந்திருக்கும். அரியலூர் மாவட்டத்துக் கோயிலிலிருந்து திருடப்பட்ட சோழர் காலச் செப்புத்திருமேனியை, கான்பராவில் இருக்கும் ஆஸ்திரேலியத் தேசியக் கலைக்கூடம் 2008இல் ஐம்பது லட்சம் அமெரிக்க டாலருக்கு வாங்கியது. புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனம் பல பத்தாண்டுக்கு முன் கோயில் கோயிலாகப் போய் எடுத்து வைத்திருந்த புகைப்படங்கள் இப்படிப்பட்ட சிலைகளை அடையாளம் காட்ட உதவின. 2014இல் அந்த நடராஜர் இந்தியாவுக்குத் திரும்பினார். ஆகவே கலைக்கூடங்களின், ஏல நிறுவனங்களின் பழைய விற்பனைப் பட்டியல்கள் பெட்டியில் வந்தால், தெற்காசியச் சிலைகள் இருக்கும் ஒன்றையும் எறியாதீர்கள். ஒரு சிலை எந்த ஆண்டில் யார் கையில் இருந்தது என்று அவை சொல்லும்.

படிக்கத் தொடங்குகிறவருக்கு ஒரு யோசனை. கலை வரலாற்று நூலை முதல் பக்கத்திலிருந்து படிக்காதீர்கள். ஒரே ஒரு படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஐந்து நிமிடம் பாருங்கள். கைகள் எத்தனை, எந்தக் கையில் என்ன, எடை எந்தக் காலில், பின்புறம் வேலைப்பாடு இருக்கிறதா. அப்புறம் அந்தப் படத்தைப் பற்றி ஆசிரியர் எழுதியதைச் சொல்லடைவு வழியாகத் தேடிப் படியுங்கள். நீங்கள் பார்த்ததை அவர் எழுதியிருக்கிறாரா, பார்க்காமல் விட்டதைக் காட்டுகிறாரா, அல்லது படத்தைப் பார்க்காமலே தத்துவம் பேசுகிறாரா என்று தெரிந்துவிடும். மூன்றாவது வகை நூல்கள் நிறைய உண்டு. அவற்றின் அட்டை மட்டும் அழகாக இருக்கும்.

நம் ஊர்க் கோயில்கள் பற்றிய நூல் வந்தால் அது தனி மரியாதைக்கு உரியது. தென்னாப்பிரிக்காவின் மரபான இந்துக் கோயில்களைக் கட்டடக் கலைஞர்கள் அளந்து வரைந்து 1982இல் வெளியிட்ட நூல் ஒன்று உண்டு. கிருஷ்டப்பா ரெட்டி போன்ற கோயில் கட்டுநர்கள், கருங்கல் இல்லாத ஊரில் செங்கல்லையும் சுண்ணத்தையும் வைத்து எப்படி விமானம் எழுப்பினார்கள் என்பதெல்லாம் அப்படிப்பட்ட நூலில்தான் கிடைக்கும். எந்த இனம் எங்கே வசிக்கலாம் என்று பிரித்த நிறவெறிக் காலக் குழுப்பகுதிச் சட்டத்தால் டர்பனின் கேட்டோ மேனரிலிருந்து மக்களை அப்புறப்படுத்திய பிறகு தனியாக நின்றுபோன கோயில்களும் இருக்கின்றன. இந்த வகை நூலை வீட்டுக்கு இரவல் கொடுக்காதீர்கள். மண்டபத்திலேயே உட்கார்ந்து படிக்கட்டும்.

இடைக்காலம்: பின்பக்கத்திலிருந்து தொடங்குங்கள்

இங்கே ஆண்டு அவ்வளவு முக்கியமில்லை, படமும் இல்லை. ஆசிரியர் எதைப் படித்து எழுதினார் என்பதுதான் கேள்வி. அடிக்குறிப்பைத் திறந்து பாருங்கள். கல்வெட்டுத் தொகுதி எண், ஓலைச் சாசனம், மடத்துக் கணக்கேடு என்று மூல ஆவணங்கள் வந்தால் நல்ல அறிகுறி. வேறு நூல்களை மட்டும் காட்டினால் அது இரண்டாம் கை. அடிக்குறிப்பே இல்லாமல் அரசர் என்ன நினைத்தார் என்று எழுதினால் அது கதை. கதை அலமாரி வேறு இருக்கிறது.

நீலகண்ட சாஸ்திரியின் சோழர் வரலாறு 1930களில் வந்தது. வலுவான மைய அரசு ஒன்றை அது காட்டியது. பர்ட்டன் ஸ்டைன் 1980இல் அதை மறுத்து, நாடு எனப்பட்ட சிறு வட்டாரங்களாகப் பிரிந்து நின்ற தளர்ந்த அமைப்பு என்றார். பிறகு நொபொரு கராஷிமாவும் எ. சுப்பராயலுவும் கல்வெட்டுகளை எண்ணிக் கணக்கிட்டு இரண்டு பேரையும் கேள்வி கேட்டார்கள். இதில் எந்த நூல் வந்தாலும் வையுங்கள். பக்கத்துப் பக்கத்தில் வையுங்கள். பழையதைப் புதியது தள்ளிவிடும் மருத்துவ விதி இங்கே செல்லாது.

தென்னாப்பிரிக்காவில் இடைக்காலமா என்று கேட்பவர்களுக்கு மாப்புங்குப்வே நூல்களைக் காட்டுங்கள். லிம்போப்போ ஆற்றங்கரைக் குன்று அது. 13ஆம் நூற்றாண்டில், அங்கே தமிழ்நாட்டில் சோழர் இறங்கிப் பாண்டியர் ஏறிக்கொண்டிருந்த அதே காலத்தில், இங்கே ஓர் அரசு இருந்தது. 1930களில் கல்லறைகளிலிருந்து எடுத்த தங்கக் காண்டாமிருகம் பிரிட்டோரியா பல்கலைக்கழகத் தொகுப்பில் இருக்கிறது. கூடவே கிடைத்தவை ஆயிரக்கணக்கான சின்னக் கண்ணாடி மணிகள், கிழக்குக் கடற்கரை வணிகத்தில் இந்தியப் பெருங்கடல் தாண்டி வந்தவை. கப்பலேறி 1860இல்தான் வந்தோம் என்று நினைக்கும் பிள்ளைகளுக்கு, சரக்கு அதற்கு அறுநூறு வருடம் முன்பே வந்துவிட்டது என்று இந்த மணிகள் சொல்லும். 2003இல் அந்த இடம் உலகப் பாரம்பரியச் சின்னமானது.

தலைப்பைப் பார்த்து ஏமாறும் நூல்களும் இந்தப் பிரிவில்தான் அதிகம். இடைக்காலக் கிறிஸ்தவப் பெண்களின் விரதத்தையும் விருந்தையும் பற்றி கரோலின் வாக்கர் பைனம் 1987இல் எழுதிய நூலை உணவுக்கட்டுப்பாட்டு அலமாரியில் வைத்துவிடுவார்கள். இடைக்காலப் பாரசீக மருத்துவர் இபின் சீனாவின் மருத்துவ நூலைப் பற்றிய ஆய்வு செரிமான மருத்துவத்தில் போய் உட்காரும். 11ஆம் நூற்றாண்டு வைத்தியத்தை யாரும் பின்பற்றிவிடக் கூடாது. உள்ளடக்கப் பக்கத்தைப் புரட்டாமல் எண் போடாதீர்கள்.

எண் போட்டு அடுக்குவது

நூல்களைப் பொருள்வாரியாக எண்ணிட்டுப் பிரிக்கும் டியூவி முறையே போதும். செரிமான மருத்துவத்துக்கு 616.3, பருமனுக்கு 616.398, கலை வரலாற்றுக்கு 709, சிற்பத்துக்கு 730, கோயில் கட்டடத்துக்கு 726, ஐரோப்பிய இடைக்காலத்துக்கு 940.1, இந்திய இடைக்காலத்துக்கு 954.02, தென்னாப்பிரிக்க வரலாற்றுக்கு 968. முதுகில் நேரடியாக டேப் ஒட்ட வேண்டாம், அடியில் துணி இருந்தால் பசை ஊறிவிடும். எண் எழுதிய தாள் துண்டைப் புத்தகத்துக்குள் செருகினால் போதும். கனமான கலை நூல்களைப் படுக்கவைத்து அடுக்குங்கள், நிற்கவைத்தால் உள்தாள் தொங்கி முதுகு பிரியும். சுவரை ஒட்டாமல் கையகல இடைவெளி விடுங்கள். கடல் பக்கச் சுவரில் அலமாரியே வேண்டாம்.

வெளியே போக வேண்டியவை

விற்பதற்கு முன் பழைய புத்தகத் தளங்களில் அதே பதிப்பு என்ன விலைக்குப் போகிறது என்று பாருங்கள். கேட்கும் விலையும் விற்ற விலையும் வேறு வேறு. மருத்துவ நூலின் பழைய பதிப்புக்கு அநேகமாக ஒன்றுமே கிடைக்காது, அது முதலில் எத்தனை ஆயிரம் ரேண்டுக்கு வாங்கியதாக இருந்தாலும். இடைக்கால ஆய்வு நூல்கள் சிலநூறு பிரதிகள்தான் அச்சாகும் என்பதால் மெலிந்த நூலுக்கும் விலை இருக்கும். கலை நூலுக்கு மேலுறை இருந்தால் ஒரு விலை, இல்லாவிட்டால் வேறு.

கழித்த மருத்துவ நூலை இன்னொரு சின்ன ஊர் நூலகத்துக்குத் தானமாக அனுப்பாதீர்கள். நமக்கு ஆபத்தானது அவர்களுக்கு மட்டும் எப்படி நல்லதாகும்? உடற்கூற்றுப் படங்கள் நன்றாக இருக்கும் நூல்களை ஓவிய வகுப்புக்குக் கொடுக்கலாம். மற்றதற்குக் கெட்டி அட்டையைக் கிழித்தெடுத்துவிட்டு உள்தாளைக் காகித மறுசுழற்சிக்குப் போடுங்கள். இதைப் பகலில், எல்லோரும் பார்க்க, கோயில் வாசலில் செய்ய வேண்டாம். டாக்டரிடம் வைத்தியம் பார்த்துக்கொண்டவர்கள் மனம் வருந்துவார்கள்.

அடுத்த பெட்டி வருவதற்குள் ஒரு பக்கத் தாள் தயார் செய்து வையுங்கள். கொடுப்பவர் பெயர், தேதி, எத்தனை பெட்டி, எந்த நூலை வைப்பது எதைக் கழிப்பது என்பது குழுவின் முடிவு என்ற ஒரு வரி, கீழே கையெழுத்து. அந்த வரிக்கு ஒப்பாமல் எல்லாவற்றையும் அப்பா பெயரில் ஒரே அலமாரியில் வைக்க வேண்டும் என்று கேட்டால், பக்கியிலிருந்து இறக்குவதற்கு முன்பே மரியாதையாக வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.